ஆல்மா சொன்ன ஆறு மணி

டேல் ஹார்ம்ஸைப் பற்றி இதுவரை இரண்டு புத்தகங்கள் வந்துவிட்டன. டிவியில் ஒரு தொடரும் வந்தது. வெளியூர்க்காரர்கள் இன்னமும் கார் போட்டுக்கொண்டு வந்து அவன் வீடு இருந்த இடத்தில் நின்று படம் எடுத்துக்கொள்கிறார்கள். வீட்டை இடித்து இருபது வருடம் ஆகிறது. புல்லைத்தான் படம் எடுக்கிறார்கள். மூன்று பெண்களைக் கொன்றவன் சின்ன வயதில் எப்படி இருந்தான், அவன் நாய்க்கு என்ன பெயர், என்ன பீர் குடித்தான் என்பதுவரை இவர்களுக்குத் தெரியும். ஆல்மா டியர்க்ஸ் யார் என்று கேட்டால் முழிப்பார்கள். ஒரு புத்தகத்தில் மட்டும் அவர் பெயர் ஒரே ஒரு வரியில் வருகிறது, 'நம்பத்தகாத சாட்சி' என்று. அதைப் படித்த அன்று புத்தகத்தைத் தூக்கிக் குப்பையில் போட்டேன். எழுதினவன்மேல் கோபப்பட எனக்கு என்ன யோக்கியதை இருக்கிறது என்று அப்புறம் தோன்றியது.

ஆல்மா இந்த ஏப்ரலில் போனார். தொண்ணூற்றிரண்டு வயது. பத்திரிகையில் நான்கு வரி போட்டார்கள்: லியோ டியர்க்ஸின் மனைவி, செயின்ட் அந்தோனி சர்ச் உறுப்பினர், இருபத்தொன்பது வருடம் விஸ்கி ஆலையில் வேலை, பிள்ளைகள் இல்லை. தப்பாக எதுவும் இல்லை. ஆனால் அவர் வாழ்க்கையில் நடந்த ஒரே ஒரு விஷயம் அதில் இல்லை. அதை எழுத வேண்டியவள் நான்தான். நாற்பது வருடமாக ஆறப்போட்டேன்.

ஆல்மா அதிகம் பேசாத பெண். உயரம், பெரிய கை, ஆண்கள் கட்டுகிற மாதிரிப் பெரிய வாட்ச். ஊர் எல்லைப் பாலத்துக்கு அந்தப் பக்கம் இருந்த விஸ்கி ஆலையில் பாட்டிலுக்கு லேபிள் ஒட்டுகிற இடத்தில் காலை ஷிப்ட். வாழ்நாளில் ஒரு சொட்டு குடித்ததில்லை. "ஒட்டறது நான், விழறது நீங்க" என்பார், வெள்ளிக்கிழமை சர்ச் விருந்துக்கு மீன் வறுக்கும்போது பீர் கோப்பையோடு வருகிற ஆண்களைப் பார்த்து. கோடையில் வேலை முடிந்து வந்ததும் வீட்டு வாசலில், ரோட்டோரமாக, ஒரு பழைய வண்டிமேல் சோளக்கதிர்களைக் குவித்து விற்பார். லியோ விளைவிப்பார், ஆல்மா விற்பார். அந்தச் சோளத்துக்காகப் பத்து மைல் தாண்டியும் ஆட்கள் வருவார்கள்.

எங்கள் ஊரில் அப்போது இரண்டு விதமான மணி இருந்தது. ஏப்ரல் கடைசியில் நாடெல்லாம் கடிகாரத்தை ஒரு மணி நேரம் முன்னால் தள்ளும். இண்டியானாவில் எங்கள் கவுண்டி, அதாவது எங்கள் மாவட்டம், தள்ளாது. பசு பால் சுரக்கிற நேரத்தை வாஷிங்டன்காரன் மாற்றுவானா என்று வீம்பு. பாலத்துக்கு அந்தப் பக்கத்துக் கவுண்டி சின்சினாட்டி நகரத்தை நம்பிப் பிழைப்பது, அவர்கள் தள்ளிவிடுவார்கள். ஆகக் கோடை முழுக்க எங்களுக்கு ஐந்து என்றால் அவர்களுக்கு ஆறு. அவர்களுடையது வேகமணி, எங்களுடையது மெதுமணி. கல்யாண அழைப்பில்கூட 'மெதுமணி இரண்டு' என்று போடுவோம். பல் டாக்டரிடம் நேரம் வாங்கினாலும், "வேகமா, மெதுவா?" என்றுதான் முதல் கேள்வி. இங்கே பிறந்த குழந்தைக்கும் தெரிந்த கேள்வி அது.

ஆல்மா வேலைக்குப் போகிற ஊர் வேகமணி. அதனால் அவர் கையிலிருந்த வாட்ச் வேகமணி, சமையலறைக் கடிகாரம் வேகமணி. மாட்டுக் கொட்டகையில் லியோவின் கடிகாரம் மெதுமணி. ஒரே வீட்டில் புருஷனும் பெண்டாட்டியும் ஒரு மணி நேர வித்தியாசத்தில் குடித்தனம் நடத்தினார்கள் என்று ஊரே கேலி செய்யும்.

1979 ஜூலையில், ஒரு வியாழக்கிழமை, லோரெட்டா கிராமர் என்கிற பதினேழு வயதுப் பெண் நீச்சல் குளத்திலிருந்து சைக்கிளில் கிளம்பினாள். மணி ஆறு, எங்கள் மணி. ஆறரைக்குச் சைக்கிள் மட்டும் பள்ளத்தில் கிடந்தது. பத்து நாள் கழித்து அவளைக் கண்டெடுத்தார்கள். எந்த நிலையில் என்று சொல்லமாட்டேன். அதற்குத்தான் புத்தகங்கள் இருக்கின்றனவே.

அந்த ரோட்டில் டேலின் டிரக்கைப் பார்த்ததாக ஒருவர் சொன்னார். டேல் கிணறு தோண்டுகிறவன், பம்ப் பழுது பார்க்கிறவன். அவன் கால் படாத வீடு எங்கள் கவுண்டியில் கிடையாது. ஷெரிஃப் ஆபீஸ் டெபுட்டி ராய் அவனைக் கேட்டபோது, "ஆறு மணிக்கு நான் ஆல்மாகிட்ட சோளம் வாங்கிட்டிருந்தேனே, போய்க் கேளு" என்றான். ராய் போய்க் கேட்டார். ஆல்மா, "ஆமா, வந்தான். மணி என்னன்னு கேட்டான், வாட்ச்சப் பாத்து ஆறுன்னு சொன்னேன்" என்றார். ஆல்மா வீட்டுக்கும் நீச்சல் குளத்துக்கும் நடுவில் இருபத்தைந்து மைல். ஆறு மணிக்கு ஆல்மா வீட்டில் நின்றவன் ஆறேகாலுக்கு அங்கே இருக்க முடியாது. ராய் நோட்டில் '6' என்று எழுதிக்கொண்டு வந்தார். சந்தேகப் பட்டியலிலிருந்து டேல் பெயரை அடித்தார்கள்.

திட்டம் போட்டு மணி கேட்டானா, சும்மா கேட்டு வைத்ததை அப்புறம் பிடித்துக்கொண்டானா, தெரியாது. ஷெரிஃப் ஆபீசில் போன் எடுப்பதும் அறிக்கைகளை டைப் அடிப்பதும் என் வேலை. வயது இருபத்தாறு, புருஷன் விட்டுப் போய் ஒரு வருடம். '6.00' என்று அடித்தவள் நான். யாருடைய ஆறு என்று எனக்கும் தோன்றவில்லை. அதுவரைக்கும் அது மூன்று பேர் செய்த தப்பு, யார்மேலும் பழி போட முடியாது.

அக்டோபர் கடைசி ஞாயிறு அன்று அந்தப் பக்கத்துக்காரர்கள் கடிகாரத்தைப் பின்னால் தள்ளுவார்கள். ஆல்மாவும் நாற்காலிமேல் ஏறிச் சமையலறைக் கடிகாரத்தைத் திருப்பினார். லியோ வழக்கம்போலக் கிண்டல் செய்தார்.

"வந்துட்டியா ஊருக்கு? ஆறு மாசமா ஒரு மணி நேரம் முன்னாடியே ஓடிட்டிருந்த, உன்னப் பிடிக்கவே முடியல."

முள்ளைப் பிடித்த கை அப்படியே நின்றுவிட்டது என்று ஆல்மா பின்னால் சொன்னார். மறுநாள் காலை, ஆலையில் டீ நேரத்தில், எங்களுக்குப் போன் செய்தார்.

"மார்லீனா? ஆல்மா பேசறேன். ராய் இருக்கானா?"

"வெளிய போயிருக்கார். உங்க வீட்டு வாசல்லயும் ஹாலோவீன் பூசணிக்காயப் பசங்க ஒடச்சுட்டாங்களா? காலைல இருந்து இதே பஞ்சாயத்துதான்."

"அதில்லம்மா. டேல் வந்தது ஆறு மணின்னு ஜூலைல ராய்கிட்ட சொன்னேன்ல. அது என் வாட்ச் மணி. வேகமணி. அவனும் கேக்கல, எனக்கும் தோணல. உங்க மணிக்கு அது அஞ்சு."

"ஓ."

"பெரிசா ஒண்ணும் இருக்காது. டேல் அப்படிப்பட்டவன் இல்ல. இருந்தாலும் சொல்லிடணும்ல."

"சரி ஆல்மா, சொல்லிடறேன்."

"எழுதிக்கிட்டியா?"

"எழுதிக்கிட்டேன்."

எழுதவில்லை. பென்சில் கையில் இருந்தது, பதிவேடு எதிரே திறந்து இருந்தது. இன்னொரு லைன் அடித்துக்கொண்டிருந்தது. வண்டி அனுப்ப வேண்டிய போன்களை மட்டும் பதிவேட்டில் ஏற்றுவது வழக்கம். இதற்கு எந்த வண்டியை அனுப்புவது? ராய் வந்ததும் சொல்லிக்கொள்ளலாம் என்று இருந்தேன். ராய் வந்தார். பூசணிக்காய்க் கதையைச் சொன்னேன், இதைச் சொல்லவில்லை. டேல் முந்தின மாதம்தான் ஞாயிற்றுக்கிழமை என்றும் பார்க்காமல் வந்து என் வீட்டுப் பம்பைச் சரி செய்து கொடுத்திருந்தான். என் குழந்தைக்கு மிட்டாய் கொடுத்தான். அவனைப் போய்க் கிளறுவதா என்று இருந்தது. மறந்துவிட்டேன் என்று சொன்னால் நம்புவீர்கள். மறக்கவில்லை. நாளைக்குச் சொல்லலாம் என்று ஒவ்வொரு நாளாகத் தள்ளினேன், அப்புறம் அது தானாகவே பழைய விஷயம் ஆகிவிட்டது.

அடுத்த மே மாதம் ஜோலீன் என்கிற பெண் காணாமல் போனாள். பத்தொன்பது வயது. அந்தச் செய்தியை ரேடியோவில் வாங்கி எழுதினவளும் நான்தான். எழுதி முடித்துவிட்டு எழுந்து போய்க் காபி போட்டுக் குடித்தேன். அழுகை வரவில்லை, பயம்கூட வரவில்லை. அப்போது சொல்லியிருக்கலாம். ஆனால், 'அக்டோபரிலேயே ஏன் சொல்லவில்லை?' என்று கேட்பார்களே. அதற்கு அடுத்த வருடம் செப்டம்பரில் டெனிஸ். அப்போது கேள்வி இன்னும் பெரிதாகிவிட்டது.

ஆல்மா என்ன நினைத்தார் தெரியுமா? தான் சொன்னதைப் போலீஸ் விசாரித்துவிட்டது, டேல் சுத்தமானவன் என்று தெரிந்துகொண்டுதான் விட்டிருக்கிறது என்று நினைத்தார். எங்களை அவ்வளவு நம்பினார். நடுவில் ஒரு தடவை அவனைக் கூப்பிட்டுக் கிணற்றுப் பம்பை மாற்றினார்கள். மேஜையில் உட்கார வைத்து மதியச் சாப்பாடு போட்டார்.

1982-ல் நான்காவதாக ஒரு பெண் அவன் டிரக்கிலிருந்து குதித்துச் சோயா வயல் வழியாக ஓடித் தப்பினாள். அவன் மாட்டினான். அவன் கொட்டகையில் ஜோலீனுடைய மோதிரமும் டெனிஸின் செருப்பும் கிடைத்தன. லோரெட்டாவுடையது எதுவும் கிடைக்கவில்லை. அவள் விஷயத்தில் அவனுக்கு எதிராக இருந்தது, ரோட்டில் டிரக்கைப் பார்த்தவரின் சாட்சி ஒன்றுதான். அதற்குக் குறுக்கே நின்றது ஆல்மாவின் ஆறு மணி.

அரசு வக்கீல் ஆல்மாவைக் கூப்பிட்டு நல்ல மாதிரியாகத்தான் சொன்னார். "ரெண்டு கொலை போதும்மா, அவன் வெளிய வரவே மாட்டான். மூணாவத இழுத்தா நீங்க கூண்டுல ஏறி எல்லார் முன்னாடியும் சொல்லணும். ஜோலீன் அம்மா இருப்பாங்க, டெனிஸ் அம்மா இருப்பாங்க. யோசிங்க."

ஆல்மா யோசித்துக்கொண்டு இருந்தபோது லோரெட்டாவின் அம்மா ஹில்டா கிராமர் அவர் வீட்டுக்கு வந்தார். உட்காரக்கூட இல்லையாம்.

"அந்த ரெண்டு பேருக்கும் தீர்ப்பு வந்துரும், ஆல்மா. என் பொண்ண மட்டும் யாருமே கொல்லல, அப்படித்தான?"

"நான் சொல்றேன், ஹில்டா," என்றார் ஆல்மா.

அந்த வாரம் ஷெரிஃப் நீமன் என் மேஜைக்கு வந்து நின்றார். அவர் பதவிக்கு அடுத்த வருடம் தேர்தல். கையில் ஆல்மாவின் புது வாக்குமூலம்.

"அக்டோபர்லயே நமக்குப் போன் பண்ணிச் சொன்னேங்கறாங்க. வந்துச்சா?"

"பதிவேட்டுல இல்ல சார்."

என்னை ஒரு நிமிடம் பார்த்தார். "இல்லன்னா வரல," என்று சொல்லிவிட்டுப் போனார். அவர் எதையும் தெரிந்துகொள்ள விரும்பவில்லை என்று எனக்கு நன்றாகத் தெரிந்தது. என் வேலை, என் குழந்தை, என் வாடகை வீடு எல்லாம் அந்த ஒரு நிமிடத்துக்குள் இருந்தன. காரணம் சொல்கிறேன் என்று நினைக்காதீர்கள். இருந்தன, அவ்வளவுதான்.

வழக்கு மார்ச் மாதம் நடந்தது. கோர்ட் நிரம்பி வழிந்தது. டிவிக்காரர்கள் படியில் உட்கார்ந்திருந்தார்கள். ஆல்மா சர்ச்சுக்குப் போகிற நீலக் கோட்டைப் போட்டுக்கொண்டு வந்து கூண்டில் உட்கார்ந்தார். முதல் வரிசையில் மூன்று அம்மாக்கள். அவர் சுற்றி வளைக்கவில்லை.

"நான் சொன்ன ஆறு மணி வேகமணி. இந்த ஊர் மணிக்கு அஞ்சு. அவனுக்கு ஒரு மணி நேரம் இருந்துச்சு. நான் அன்னைக்கே ஒழுங்கா சொல்லியிருந்தா மத்த ரெண்டு பிள்ளைங்களும் இருந்திருக்கும்."

ஜோலீனின் அம்மா எழுந்து வெளியே போய்விட்டார். ஆல்மா கதவு மூடும்வரை பார்த்துக்கொண்டு இருந்தார்.

டேலின் வக்கீல் இண்டியனாபொலிஸிலிருந்து வந்தவர். மெதுவாக எழுந்தார்.

"இது உங்களுக்கு எப்போம்மா தெரிஞ்சுது?"

"அந்த அக்டோபர்ல."

"தெரிஞ்சும் சும்மா இருந்தீங்களா?"

"இல்ல. ஷெரிஃப் ஆபீசுக்குப் போன் பண்ணிச் சொன்னேன்."

"சொன்னீங்களா? அப்படின்னா அவங்க எழுதி வச்சிருக்கணுமே?"

"எழுதிக்கிட்டேன்னு சொன்னாங்க."

அதைச் சொல்லும்போது ஆல்மா என்னைப் பார்த்தார். நான் மூன்றாவது வரிசையில் உட்கார்ந்திருந்தேன், மடியில் பதிவேடு. அதைக் கொண்டுவரச் சொல்லி எனக்குச் சம்மன் வந்திருந்தது. யார் எடுத்தது என்று வக்கீல் கேட்கவில்லை. அவருக்கு அது வேண்டாம். அரசு வக்கீலும் கேட்கவில்லை. அவரும் ஷெரிஃபும் ஒரே கட்சி.

அப்புறம் என்னைக் கூப்பிட்டார்கள். பைபிள்மேல் கை வைத்தேன்.

"இது முழுப் பதிவேடா?"

"ஆமா."

"1979 அக்டோபர் கடைசி வாரத்துல ஆல்மா டியர்க்ஸ்கிட்ட இருந்து போன் வந்ததா இதுல ஏதாவது இருக்கா?"

பக்கத்தைப் புரட்டிப் பார்க்கிற மாதிரிப் பார்த்தேன். என் கையெழுத்துதான். பூசணிக்காய், பூசணிக்காய், வேலியில் மாட்டின கன்றுக்குட்டி, பூசணிக்காய்.

"இல்ல."

"அவ்வளவுதான், நன்றி."

பொய் ஒன்றுமே சொல்லவில்லை. கேட்ட கேள்விக்கு உண்மையான பதில். எழுந்து என் இடத்துக்குப் போகிற வழியில் ஆல்மாவைத் தாண்டித்தான் போக வேண்டும். கோட்டில் ஒரு பொத்தான் மாற்றிப் போட்டிருந்தார். எனக்கு அந்தப் பொத்தான்தான் ஞாபகம் இருக்கிறது.

வக்கீல் ஜூரியிடம் சொன்னது சுருக்கமாக இதுதான்: இந்த அம்மா ஒரு போன் கதையைக் கட்டியிருக்கிறார், போன் கதை பொய் என்றால் மணிக் கதையும் பொய்தானே? பன்னிரண்டு பேரும் தலையை ஆட்டிக் கேட்டுக்கொண்டார்கள். ஜோலீன் கொலை, டெனிஸ் கொலை இரண்டிலும் குற்றவாளி. லோரெட்டா கொலையில் நிரூபணம் இல்லை. டேல் கடைசிவரை சிறையில் இருந்து அங்கேயே ஈரல் கெட்டுச் செத்தான். லோரெட்டாவைப் பற்றி ஒருநாளும் வாயைத் திறக்கவில்லை.

கோர்ட் வாசலில் ஹில்டா ஆல்மாவிடம் வந்தார். எல்லோருக்கும் கேட்கிற மாதிரித்தான் பேசினார்.

"போன் பண்ணேன்னு ஒரு பொய்ய எதுக்கு ஆல்மா சொன்ன? உன் பேரக் காப்பாத்திக்கவா? அது இல்லன்னா நம்பியிருப்பாங்களே."

லியோ ஆல்மாவின் கையைப் பிடித்து டிரக்குக்குக் கூட்டிக்கொண்டு போனார். நான் பதிவேட்டை அணைத்துக்கொண்டு படியிலேயே நின்றேன்.

அதற்கப்புறம் ஊர் என்ன செய்யும் என்று எனக்குத் தெரியும். நானும் இந்த ஊர்தானே. யாரும் கல்லெறியவில்லை, திட்டவில்லை. சர்ச்சில் ஆல்மா உட்காருகிற வரிசையில் மற்றவர்களுக்கு இடம் பிடிக்காமல் போயிற்று. மீன் வறுக்கிற வேலைக்கு ஆள் போதும் என்று சொல்லிவிட்டார்கள். அந்தக் கோடையில் வண்டி நிறையச் சோளம் சாயங்காலம்வரை அப்படியே கிடக்கும்; லியோ வாரிக்கொண்டு போய்ப் பன்றிக்குப் போடுவார்.

ஆகஸ்டில் ஒருநாள், வேலை முடிந்து நான் அங்கே காரை நிறுத்தினேன். ஆல்மா மடக்கு நாற்காலியில் உட்கார்ந்திருந்தார்.

"எத்தன வேணும்?"

"ஒரு டஜன்."

பையில் போட ஆரம்பித்தார்.

"ஆல்மா, அன்னைக்கு நீங்க என் பேரச் சொல்லல. என்னக் காப்பாத்துனீங்க. அத நான்..."

"யாரு காப்பாத்துனா?" நிமிர்ந்து பார்த்தார். கோபமாக இருந்திருந்தால் தாங்கியிருப்பேன். நிஜமாகவே புரியாமல் கேட்டார். "யாருன்னு கேட்டிருந்தா சொல்லியிருப்பேன். யாரும் கேக்கல."

"என்னயே பாத்துட்டிருந்தீங்களே..."

"நீ எந்திரிப்பேன்னு பாத்தேன்டி. எந்திரிச்சு, 'ஆமா, வந்துச்சு'ன்னு சொல்லுவேன்னு. மடியில புத்தகத்த வச்சுக்கிட்டு உக்காந்திருந்தியே, எழுதறவ வந்திருக்கா, சொல்லிருவான்னு நம்பினேன்."

பையை என் கையில் கொடுத்தார்.

"எனக்கு இனிமே ஒண்ணும் வேணாம், மார்லீன். ஆனா ஹில்டா உசுரோடதான் இருக்கா. இந்த ரோட்டுலதான், நாலு மைல்ல. உன் வீட்டுக்குப் போற வழி."

காரை எடுத்தேன். நாலு மைலும் என்ன சொல்வது என்று வாய்க்குள் சொல்லிப் பார்த்துக்கொண்டே போனேன். ஹில்டா முற்றத்தில் துணி காயப்போட்டுக்கொண்டு இருந்தார். காரின் வேகத்தைக் குறைத்தேன். சத்தம் கேட்டுத் திரும்பி, யாரென்று அடையாளம் தெரிந்து, ஈரத் துணியோடு கையைத் தூக்கி ஆட்டினார். நானும் ஸ்டீரிங்கிலிருந்து கையை எடுத்து ஆட்டினேன். பிறகு வேகத்தைக் கூட்டி வீட்டுக்குப் போனேன்.